டிவிட் கிளின்டன்: நியமனக் குழுவும் ஈரி கால்வாயும்

1803ஆம் ஆண்டின் இறுதியில், முப்பத்துநான்கு வயதான ஒருவர் அமெரிக்க செனட் உறுப்பினர் பதவியைத் துறந்துவிட்டு நியூயார்க் நகர மேயராகப் பொறுப்பேற்றார். நாடாளுமன்ற மேலவையை விட்டு நகராட்சிக்கு வருவதை இன்று எவரும் உயர்வு என்று கருதமாட்டார்கள். அன்று அது உயர்வாகவே கருதப்பட்டது. வாஷிங்டன் தலைநகராகி மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன. பாதி கட்டிய மாளிகைகளும் சேறு படிந்த வீதிகளுமாக அந்த ஊர் இருந்தது. கூட்டாட்சி அரசின் கையில் சுங்கம், அஞ்சல், சிறியதொரு படை, வெளியுறவு ஆகியவை மட்டுமே இருந்தன. நிலம், நீதிமன்றம், வங்கி உரிமம், சாலை, பள்ளி, உள்ளூர்ப் படை என்று மக்களின் அன்றாடத்தைத் தொடும் அனைத்தும் மாநிலங்களின் கையில் இருந்தன. நியூயார்க் மேயர் நகரின் தலைமை நீதிபதியாகவும் அமர்ந்தார். அவருக்குச் சேரும் கட்டணங்களால் அந்தப் பதவி நல்ல வருமானம் தருவதாகவும் இருந்தது.

டிவிட் கிளின்டனின் அரசியல் வாழ்வைப் புரிந்துகொள்வதற்கு இந்தப் பின்னணி அவசியம். ஈரி ஏரியை ஹட்சன் ஆற்றோடு இணைத்த ஈரி கால்வாயை உருவாக்கியவர் என்றே அவரை வரலாறு நினைவில் வைத்திருக்கிறது. ஆனால் நாற்பது ஆண்டுகளுக்கு அருகில் நீண்ட அவருடைய பொதுவாழ்வு முழுவதும் மாநில அரசியலின் இரண்டு கருவிகளைச் சுற்றியே இயங்கியது. ஒன்று, அரசுப் பதவிகளை வழங்கும் அதிகாரம். மற்றொன்று, மாநிலத்தின் பெயரில் கடன் வாங்கிப் பொதுப்பணி செய்யும் அதிகாரம். முதல் கருவியைக் கையாளக் கற்றுக்கொடுத்தவர்களில் அவரும் ஒருவர். அதே கருவி அவரைத் திரும்பத் திரும்ப வெட்டியது. இரண்டாவதை அவர் அளவுக்குத் துணிந்து பயன்படுத்தியவர் அதற்குமுன் அமெரிக்காவில் இல்லை.

அவர் 1769 மார்ச் 2 அன்று, நியூயார்க் மாநிலத்தின் லிட்டில் பிரிட்டன் என்ற ஊரில் பிறந்தார். தாத்தா சார்லஸ் கிளின்டன் 1729இல் அயர்லாந்திலிருந்து கப்பலேறியவர். தாய் மேரி டிவிட் டச்சு வழிக் குடும்பத்தவர். அந்தக் குடும்பப் பெயரே மகனுக்கு முதற்பெயராயிற்று. தந்தை ஜேம்ஸ் கிளின்டன் விடுதலைப் போரில் படைத்தலைவராகப் பணியாற்றினார். எல்லாவற்றிலும் முக்கியமானவர் சிற்றப்பா ஜார்ஜ் கிளின்டன். அவர் 1777இல் நியூயார்க்கின் முதல் ஆளுநராகத் தேர்ந்தெடுக்கப்பட்டு, 1795 வரை தொடர்ந்து பதவியில் இருந்தார். இந்த ஆளுநர் இந்திய மாநில ஆளுநரைப் போல மேலிருந்து அனுப்பப்படுபவர் அல்லர். சொத்துள்ள வாக்காளர்களால் தேர்ந்தெடுக்கப்பட்டு, ஏறத்தாழ நம் முதலமைச்சரின் இடத்தில் இருப்பவர்.

கொலம்பியா கல்லூரியில் 1786இல் பட்டம் பெற்ற டிவிட், சட்டம் பயின்றுகொண்டே அரசியலில் இறங்கினார். புதிய கூட்டாட்சி அரசியலமைப்பைச் சிற்றப்பா எதிர்த்தார். மாணவராயிருந்த அண்ணன் மகனும் புனைபெயரில் செய்தித்தாள் கடிதங்கள் எழுதி அதை எதிர்த்தார். 1788 ஜூலையில் நியூயார்க் மாநாடு அந்த அரசியலமைப்பை 30க்கு 27 என்ற வாக்குக் கணக்கில் ஏற்றபோது, பார்வையாளராக அங்கிருந்து நடவடிக்கைகளைக் கவனித்தார். தோற்ற தரப்பில் தொடங்கிய அரசியல் அது. மாநிலங்களின் வலிமை குறையக்கூடாது என்ற எண்ணம் அப்போதே அவருக்குள் வேரூன்றியது என்று சொல்வதில் தவறில்லை. பிறகு ஆளுநரின் தனிச்செயலாளராக 1795 வரை பணியாற்றி, 1797இல் மாநிலக் கீழவைக்கும் அடுத்த ஆண்டில் மாநில செனட்டுக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

நியூயார்க்கின் 1777ஆம் ஆண்டு அரசியலமைப்பில் ஒரு விசித்திரமான அமைப்பு இருந்தது. ஆளுநர் ஒருவர் கையில் நியமன அதிகாரம் குவிந்துவிடக்கூடாது என்ற அச்சத்தால், ஆளுநரோடு நான்கு மாநில செனட்டர்களைச் சேர்த்து ஒரு நியமனக் குழுவை ஏற்படுத்தியிருந்தார்கள். அந்த நால்வரைக் கீழவை ஆண்டுதோறும் தேர்ந்தெடுக்கும். மேயர், ஷெரிஃப், மாவட்ட எழுத்தர், நீதிபதி, உள்ளூர்ப் படை அதிகாரி என்று மாநிலத்தின் பெரும்பாலான பதவிகளை இக்குழுவே நிரப்பியது. அது கலைக்கப்பட்ட காலத்தில் ஏறத்தாழ 15,000 பதவிகள் அதன் பிடியில் இருந்தன. எதேச்சாதிகாரத்தைத் தடுக்க வகுத்த ஏற்பாடு, கீழவையில் பெரும்பான்மை பெறும் கட்சிக்கு ஆண்டுதோறும் கிடைக்கும் பதவிக் களஞ்சியமாக மாறிப்போனது.

1801இல் கிளின்டன் அக்குழுவின் உறுப்பினரானார். அப்போது ஆளுநர் ஜான் ஜே, வலுவான கூட்டாட்சி அரசை விரும்பிய எதிரணியான ஃபெடரலிஸ்ட் கட்சியைச் சேர்ந்தவர். பெயர்களை முன்மொழியும் உரிமை தனக்கு மட்டுமே உண்டு என்று ஜே கூற, உறுப்பினர் ஒவ்வொருவருக்கும் அவ்வுரிமை உண்டு என்று கிளின்டனும் அவருடைய கூட்டாளி ஆம்ப்ரோஸ் ஸ்பென்சரும் வாதிட்டனர். குழுவின் வேலையே நின்றுபோனது. இதைத் தீர்ப்பதற்காகக் கூட்டப்பட்ட மாநாடு கிளின்டன் தரப்பின் வாதத்தை ஏற்றது. சிற்றப்பா ஜார்ஜ் மீண்டும் ஆளுநரானார். அண்ணன் மகனும் ஸ்பென்சரும் ஃபெடரலிஸ்ட் அதிகாரிகளை வரிசையாக நீக்கிவிட்டுத் தம் அணியினரையும் அப்போது நட்பாயிருந்த லிவிங்ஸ்டன் குடும்பத்தினரையும் அமர்த்தினர். வெற்றி பெற்ற கட்சிக்கே பதவிகள் என்ற வழக்கம் அமெரிக்க அரசியலில் வேர்பிடித்த இடங்களில் இது முக்கியமானது. ஃபெடரலிஸ்டுகள் அதற்குமுன் தம்மவரையே நியமித்து வந்தார்கள் என்பதும் உண்மைதான். ஆனால் ஒரே வீச்சில், கணக்குப் போட்டு, மாநிலம் முழுவதும் நீக்கம் நடத்தியதில் புதுமை கிளின்டனுடையது. அவரைப் புகழ்ந்து எழுதுவோர் இந்த ஆண்டை விரைவாகக் கடந்துவிடுவது வழக்கம். பிந்தைய இருபது ஆண்டுகளின் காரணங்கள் இங்கேதான் கிடக்கின்றன என்பதால் அப்படிக் கடந்துவிட முடியாது.

1802இல் கூட்டாட்சி செனட்டுக்கு அனுப்பப்பட்டார். அங்கே அவர் இருந்த காலம் இரண்டு ஆண்டுகளுக்கும் குறைவு. குடியரசுத் தலைவருக்கும் துணைத் தலைவருக்கும் தனித்தனியாக வாக்களிக்க வகைசெய்யும் திருத்தத்துக்கான தீர்மானத்தை முன்வைத்தது அங்கே அவர் செய்த குறிப்பிடத்தக்க பணி. அதுவே பின்னர் பன்னிரண்டாவது திருத்தமாயிற்று. அதே 1802 கோடையில், அப்போதைய துணைக் குடியரசுத் தலைவரும் கிளின்டனின் போட்டியாளருமான ஆரன் பர்ரின் நெருங்கிய ஆதரவாளரான ஜான் ஸ்வார்ட்வவுட்டுடன் ஹட்சன் ஆற்றின் மறுகரையில் துப்பாக்கி இருவர்ப்போரும் நடத்தினார். ஐந்து சுற்றுகள் சுட்டுக்கொண்டார்கள். எதிராளிக்குக் காலில் இரண்டு குண்டுகள் பாய்ந்தன. அதற்குமேலும் தொடர அவர் தயாராயிருக்க, கிளின்டன் மறுத்துவிட்டார். எதிரில் நிற்பவர் பர்ராக இருந்திருக்கலாமே என்று அவர் அங்கே வருந்தியதாகச் சொல்வார்கள். இரண்டு ஆண்டுகள் கழித்து அதே பர்ரின் குண்டுக்கு ஃபெடரலிஸ்ட் தலைவர் அலெக்சாண்டர் ஹாமில்டன் பலியானார் என்பதை நினைத்தால், இவ்வழக்கம் அன்றைய அரசியலில் எவ்வளவு சாதாரணமாக இருந்தது என்பது விளங்கும்.

மேயர் பதவியும் நியமனக் குழுவின் கொடையே. எனவே கீழவையில் காற்று மாறும்போதெல்லாம் அவர் நாற்காலியும் ஆடியது. 1807இல் நீக்கப்பட்டார், 1808இல் திரும்பினார். 1810இல் ஃபெடரலிஸ்டுகள் நீக்கினார்கள். 1811இல் மீண்டும் வந்தார். 1815இல் சொந்தக் கட்சியினரே கடைசியாக வெளியேற்றினார்கள். தாம் தீட்டிய கத்தி இது என்பதை அவர் எங்கேனும் ஒப்புக்கொண்டாரா என்பது வேறு கேள்வி. ஒன்றுக்கு மேற்பட்ட பதவிகளை ஒரே நேரத்தில் வைத்துக்கொள்வதற்கும் அன்று தடை இருக்கவில்லை. 1811 முதல் 1813 வரை அவர் மேயராகவும் துணை ஆளுநராகவும் கால்வாய் ஆணைய உறுப்பினராகவும் ஒருங்கே இருந்தார்.

மேயராக அவர் செய்த பணிகளில் இரண்டைச் சற்று நின்று பார்க்க வேண்டும். 1805இல் ஏழைக் குழந்தைகளுக்காக இலவசப் பள்ளிச் சங்கம் ஒன்று நியூயார்க்கில் தொடங்கப்பட்டபோது அதன் தலைவரானார். சாகும்வரை அப்பொறுப்பில் இருந்தார். மூத்த மாணவர்களைக் கொண்டு இளையவர்களுக்குப் பாடம் சொல்லித்தரும் முறையை அச்சங்கம் கையாண்டது. இங்கிலாந்தின் ஜோசப் லங்காஸ்டர் பரப்பிய அம்முறையை, 1809இல் புதிய பள்ளிக் கட்டடத்தைத் திறந்துவைத்த உரையில் கிளின்டன் மனமாரப் புகழ்ந்தார். இம்முறையின் மற்றொரு கிளை சென்னையில் தொடங்குகிறது. எழும்பூரில் இருந்த ஆண் அநாதைகள் விடுதிப் பள்ளியை நடத்திய ஆண்ட்ரூ பெல், உள்ளூர்ப் பிள்ளைகள் மணலில் எழுதிப் பழகுவதைக் கண்டு அதைத் தம் பள்ளியில் புகுத்தி, சட்டாம்பிள்ளைகளைக் கொண்டு வகுப்பு நடத்தி, 1797இல் லண்டனில் அதைப் பற்றி நூலாக எழுதினார். பெல்லிடமிருந்து லங்காஸ்டர் எவ்வளவு எடுத்துக்கொண்டார் என்று இங்கிலாந்தில் பெருஞ்சண்டையே நடந்தது. எப்படியானாலும், நம் திண்ணைப் பள்ளியின் மணல் எழுத்து நியூயார்க்கின் ஏழைப் பள்ளிகளிலும் நுழைந்துவிட்டது. கூடவே, நூற்றுக்கணக்கான பிள்ளைகளை ஒரே ஆசிரியரின்கீழ் அடைத்துச் செலவைக் குறைக்கும் சிக்கனக் கணக்கும் நுழைந்தது.

இரண்டாவது, 1813இல் அவர் தலைமையில் நடந்த ஒரு வழக்கு. திருட்டுப்போன பொருள்கள் ஆண்டனி கோல்மன் என்ற கத்தோலிக்கக் குருவின் வழியாக உரியவருக்குத் திரும்பின. பாவசங்கீர்த்தனத்தில், அதாவது பாவ அறிக்கைச் சடங்கில், கேட்டதைச் சொல்ல முடியாது என்று குரு மறுத்தார். மேயராகிய கிளின்டன் தலைமையில் அமர்ந்த நீதிமன்றம் குருவைச் சாட்சி சொல்லக் கட்டாயப்படுத்த இயலாது என்று தீர்ப்பளித்தது. கத்தோலிக்கர்கள் பொதுப்பதவி ஏற்பதற்குத் தடையாயிருந்த உறுதிமொழியை நீக்குவதற்கும் அவர் முன்னரே ஆதரவளித்திருந்தார். ஐரிஷ் குடியேறிகளின் வாக்குகள் இதனால் அவருக்குச் சேர்ந்தன என்பது உண்மை. ஆனால் தீர்ப்பின் தர்க்கம் வாக்குக் கணக்கைத் தாண்டி நிற்கிறது: ஒரு சமயத்தின் சடங்கை அனுமதித்துவிட்டு அதன் உயிரைச் சட்டத்தால் நசுக்குவது சுதந்திரமாகாது என்பதே அதன் சாரம். 1828இல் நியூயார்க் இக்கொள்கையைச் சட்டமாகவே ஆக்கியது.

இத்தகைய தெளிவான அறிவு மனிதர்களோடு பழகுவதில் அவருக்கு உதவவில்லை. உயரமும் கம்பீரமும் கொண்டவர். இயற்கை அறிவியலிலும் வரலாற்றிலும் பரந்த வாசிப்பு உடையவர். அறிவுச் சங்கங்கள் பலவற்றுக்குத் தலைவர். ஆனால் தம்மைவிட அறிவில் குறைந்தவர் என்று நினைத்தவரிடம் அதை மறைக்கத் தெரியாதவர். நட்புகள் முறிந்துகொண்டே இருந்தன. 1811இல் கல்லூரிப் பட்டமளிப்பு விழாவில் நடந்த கலவர வழக்கில் கூலியன் வெர்ப்லாங்க் என்ற இளம் வழக்கறிஞரை விசாரித்து 200 டாலர் அபராதம் விதித்தார். அந்த இளைஞர் பின்னர் ஆண்டுக்கணக்கில் அங்கதம் எழுதி அவரைக் குத்திக்கொண்டிருந்தார்.

1812ஆம் ஆண்டுத் தேர்தலில் இந்தக் குணமும் சூழலும் சேர்ந்து அவரை இக்கட்டில் நிறுத்தின. துணைக் குடியரசுத் தலைவராயிருந்த சிற்றப்பா ஏப்ரலில் இறந்தார். அடுத்த மாதம் நியூயார்க் சட்டமன்றத்தின் ஜனநாயகக் குடியரசுக் கட்சியினர், அதாவது கிளின்டனின் சொந்தக் கட்சியினர், தம் கட்சித் தலைவரும் அப்போதைய குடியரசுத் தலைவருமான ஜேம்ஸ் மேடிசனுக்கு எதிராகவே டிவிட்டைக் குடியரசுத் தலைவர் வேட்பாளராக முன்மொழிந்தனர். ஜூனில் பிரிட்டனோடு போர் தொடங்கியது. போரை வெறுத்த ஃபெடரலிஸ்டுகளும் வேறு வழியின்றி அவரை ஆதரித்தனர். போரை எதிர்ப்போரிடம் விரைவில் சமாதானம் கொண்டுவருபவராகவும், போரை விரும்புவோரிடம் மேடிசனைவிடத் திறமையாகப் போர் நடத்துபவராகவும் அவர் அறிமுகப்படுத்தப்பட்டார். இரண்டு முகங்களையும் எல்லோரும் பார்த்தார்கள். ஆயினும் முடிவு நெருக்கமாகவே இருந்தது: குடியரசுத் தலைவரைத் தேர்ந்தெடுக்க மாநிலங்கள் அனுப்பும் தேர்வர்களின் வாக்குகளில் மேடிசனுக்கு 128, கிளின்டனுக்கு 89. பென்சில்வேனியாவின் 25 வாக்குகள் மட்டும் மாறியிருந்தால் 114க்கு 103 என்று கிளின்டன் வென்றிருப்பார். நியூயார்க்கின் 29 வாக்குகளையும் சிந்தாமல் அவருக்குச் சேர்த்துக் கொடுத்தவர் மாநில செனட்டுக்குப் புதிதாக வந்திருந்த மார்ட்டின் வான் பியூரன். அதற்குப் பிறகு இருவரும் பிரிந்தனர். ஃபெடரலிஸ்டுகளோடு கைகோர்த்தவர் என்ற பழி கிளின்டனை விடவே இல்லை. 1815இல் மேயர் பதவியும் போனதும் அவர் கதை முடிந்தது என்றே பலரும் கருதினர்.

அந்த நிலையிலிருந்து அவரை மீட்டது கால்வாய். அக்கருத்து அவருடையதன்று. மெய்ன் முதல் ஜார்ஜியா வரை நீளும் அப்பலாச்சியன் மலைத்தொடருக்கு நடுவே மோஹாக் ஆற்றின் பள்ளத்தாக்கு ஒன்றுதான் பெரிய ஏற்றமின்றி மேற்கே செல்லும் வழி என்பது பலருக்கும் தெரிந்திருந்தது. கடன் சிறையிலிருந்த ஜெஸ்ஸி ஹாலி என்ற மாவு வணிகர் 1807 முதல் செய்தித்தாளில் எழுதிய கட்டுரைகள், ஈரி ஏரியிலிருந்து ஹட்சன் ஆறுவரை கால்வாய் வெட்டலாம் என்று விரிவாகக் கணக்கிட்டுக் காட்டின. அப்போதைய குடியரசுத் தலைவர் ஜெஃபர்சனிடம் உதவி கேட்டபோது, நூறாண்டு கழித்துப் பார்க்க வேண்டிய வேலை இது, இன்று நினைப்பது பைத்தியக்காரத்தனத்துக்குச் சற்றே குறைவு என்ற பொருளில் மறுத்துவிட்டார். 1810இல் ஃபெடரலிஸ்டான ஜோனஸ் பிளாட் ஆய்வு ஆணையம் அமைக்கும் யோசனையோடு வந்து, எதிரணியின் தலைவரான கிளின்டனையும் சேர்த்துக்கொண்டால்தான் அது நிறைவேறும் என்று கணக்கிட்டு அவரை உள்ளே இழுத்தார். அந்தக் கோடையில் கிளின்டன் மாநிலத்தின் குறுக்கே பயணம் செய்து, பாறை, மரம், விடுதிகளின் மூட்டைப்பூச்சி வரை நாட்குறிப்பில் எழுதினார். கருத்தைக் கேட்டவர்கள் பலர். நிலத்தைக் கண்ணால் அளந்து வந்த பெரிய அரசியல்வாதி அவர் ஒருவரே எனலாம்.

கூட்டாட்சி அரசிடம் பணம் கேட்டு 1811 இறுதியில் அவரும் ஆணையத்தின் மற்றோர் உறுப்பினரான குவர்னியர் மோரிஸும் வாஷிங்டன் சென்றனர், வெறுங்கையோடு திரும்பினர். போர் முடிந்ததும், பதவியற்ற கிளின்டன் 1815 டிசம்பரில் நியூயார்க் நகரில் நடந்த கூட்டத்துக்குப் பிறகு ஒரு விண்ணப்பத்தைத் தம் கையால் எழுதினார். செலவு, பாதை, வருவாய், மேற்குப் பகுதியின் தானியம் மான்ட்ரியலுக்குப் போய்விடும் அபாயம் ஆகிய அனைத்தையும் அது எண்களோடு வாதிட்டது. ஊர் ஊராகக் கூட்டங்கள் நடந்தன. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்டதாகக் கூறப்பட்டது. 1817 மார்ச்சில் உள்நாட்டுப் பணிகளுக்கு நிதி தரும் மசோதாவை மேடிசன் தம் பதவியின் கடைசி நாட்களில் ரத்து அதிகாரத்தால் தடுத்துவிட்டதால், இனி மாநிலம் தனியே செய்வது அல்லது விட்டுவிடுவது என்ற நிலை வந்தது.

ஏப்ரல் 15 அன்று சட்டம் நிறைவேறியது. நியூயார்க் நகர உறுப்பினர்கள் எதிர்த்து வாக்களித்தார்கள் என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும். கால்வாயால் எல்லோரையும்விட அதிகம் செழித்த நகரம் அதுவே. வான் பியூரன் ஆதரித்தார். அவையிலேயே கிளின்டன் அவர் கையைப் பற்றிக் குலுக்கினார். சட்டங்களைத் தடுக்கும் அதிகாரம் கொண்ட மறுஆய்வுக் குழுவில் நடந்ததைப் பிளாட் பின்னாளில் எழுதிவைத்தார். நீதிபதி ஜேம்ஸ் கென்ட் தயங்கிக்கொண்டிருக்க, கிளின்டனின் எதிரியும் அப்போது துணைக் குடியரசுத் தலைவருமான டேனியல் டாம்ப்கின்ஸ் உள்ளே வந்து, இப்பணத்தைப் பிரிட்டனுடனான அடுத்த போருக்குச் சேமிக்க வேண்டும் என்றாராம். போரா, கால்வாயா என்றால் கால்வாய்க்கே என் வாக்கு என்று கென்ட் முடிவு செய்தார். எதிரியின் வாயால் வந்த உதவி.

டாம்ப்கின்ஸ் வாஷிங்டன் சென்றதால் காலியான ஆளுநர் பதவிக்கு நடந்த சிறப்புத் தேர்தலில் கிளின்டன் ஏறக்குறையப் போட்டியின்றி வென்றார். 1817 ஜூலை 1 அன்று பதவியேற்றார். ஜூலை 4 அன்று ரோம் என்ற ஊரில் கால்வாயின் முதல் மண் வெட்டப்பட்டது. ரோம் நடுப்பகுதியில் இருந்தது. இரு முனைகளையும் விட்டுவிட்டு நடுவில் தொடங்கியதில் பொறியியலும் அரசியலும் கலந்திருந்தன. அங்கே நிலம் சமதளம். வேலை விரைவாக முடியும். கடினமான பகுதிகளைத் தொடுமுன் படகு ஓடுவதை வாக்காளர்கள் கண்ணால் பார்த்துவிடுவார்கள். 1819 அக்டோபரில் யூட்டிகாவுக்கும் ரோமுக்கும் இடையே முதல் படகு ஓடியது.

நிதி ஏற்பாட்டை நான் அந்தத் திட்டத்தின் மிகச் சிறந்த பகுதியாகக் கருதுகிறேன். மாநிலம் கடன் பத்திரங்களை விற்றது. வட்டிக்கு ஈடாக ஒனொண்டாகா பகுதி உப்பின் மீதான வரி, ஏலத் தீர்வை, நீராவிப் படகுப் பயணிகள் வரி, பின்னர்க் கால்வாய்ச் சுங்கம் ஆகியவை தனி நிதியமாக ஒதுக்கப்பட்டன. பொது வரவு செலவில் கலக்காத இந்த ஒதுக்கீடு முதலீட்டாளர்களுக்கு நம்பிக்கை தந்தது. தொடக்கத்தில் பத்திரங்களை வாங்கியோரில் பெரும்பணக்காரர் குறைவு. பணிப்பெண்களும் கைவினைஞர்களும் சேமித்த சிறுதொகைகளைத் திரட்டிய நியூயார்க்கின் புதிய சேமிப்பு வங்கி அவற்றில் பெரும்பங்கை வாங்கியது. முதல் பகுதிகளில் சுங்கம் வரத் தொடங்கிய பிறகே லண்டன் பணம் வந்தது.

வெட்டியவர்கள் பெரும்பாலும் சிறு ஒப்பந்தக்காரர்களும் அவர்கள் அமர்த்திய உள்ளூர் விவசாயிகளும் ஐரிஷ் குடியேறிகளுமே. தலைமைப் பொறியாளர்கள் பெஞ்சமின் ரைட்டும் ஜேம்ஸ் கெடிஸும் நில அளவையும் உள்ளூர் நீதிபதிப் பணியும் செய்து வந்தவர்கள். கால்வாய் கட்டிய அனுபவம் அவர்களுக்கு இல்லை. கேன்வாஸ் வைட் என்ற இளைஞர் இங்கிலாந்து சென்று அங்குள்ள கால்வாய்களை நடந்தே பார்த்துத் திரும்பினார். நீருக்கடியில் இறுகும் சுண்ணக் காரை செய்வதற்கேற்ற கல் கால்வாய்ப் பாதையிலேயே சிட்டெனாங்கோ என்ற ஊருக்கு அருகில் கிடைத்தது. மான்டெசூமா சதுப்பில் காய்ச்சல் நூற்றுக்கணக்கானோரை வீழ்த்தியது. நிறைவடைந்தபோது கால்வாய் 363 மைல் நீளமும், 40 அடி அகலமும், 4 அடி ஆழமும் கொண்டிருந்தது. படகுகளை ஏற்றி இறக்க 83 மதகுத் தொட்டிகளும், ஆறுகளைக் கடக்க 18 தொட்டிப்பாலங்களும் அமைந்தன. செலவு ஏறத்தாழ 70 லட்சம் டாலர்.

கால்வாய் வளர வளர அதை வெட்டியவரின் அரசியல் தேய்ந்தது. வான் பியூரன் தலைமையிலான பக்டெயில் அணி, நகரத்தின் டம்மனி ஹால் அமைப்போடு சேர்ந்து, கட்சிக் கட்டுப்பாட்டையே கொள்கையாக்கியது. தனிமனிதரையும் குடும்பத்தையும் சுற்றிச் சுழன்ற பழைய அரசியலுக்கு எதிராகத் தோன்றிய புதுவகை அமைப்பு அது. ஊர்தோறும் கூட்டம், ஒரே பட்டியல், பெரும்பான்மை முடிவுக்கு எல்லோரும் கட்டுப்படுதல் என்று அது இயங்கியது. கிளின்டனுக்கு ஆதரவாளர்கள் இருந்தார்கள், கட்சி இல்லை. 1820 தேர்தலில் டாம்ப்கின்ஸை 1,500க்கும் குறைவான வாக்கு வேறுபாட்டில் வென்று பதவியைக் காத்துக்கொண்டார். ஆனால் 1821இல் கூடிய அரசியலமைப்பு மாநாடு முழுவதும் எதிரணியின் பிடியில் இருந்தது. அது நியமனக் குழுவையும் மறுஆய்வுக் குழுவையும் கலைத்தது. ஆளுநரின் பதவிக்காலத்தை மூன்றாண்டிலிருந்து இரண்டாகக் குறைத்தது. வெள்ளை ஆண்களில் பெரும்பாலோருக்கு வாக்குரிமையை விரித்தது. அதே மூச்சில் கறுப்பின ஆண்களுக்கு மட்டும் 250 டாலர் சொத்துத் தகுதியை விதித்தது. ஜனநாயகத்தின் விரிவு என்று பாடநூல்கள் சொல்லும் மாநாட்டின் மறுபக்கம் இது. வெல்ல வழியில்லை என்பதைக் கண்ட கிளின்டன் 1822இல் போட்டியிடவில்லை.

அவரிடம் எஞ்சியிருந்தது ஊதியமில்லாத கால்வாய் ஆணையர் பதவி ஒன்றே. 1824 ஏப்ரலில் சட்டமன்றம் அதிலிருந்தும் அவரை நீக்கியது. எதிரிகள் செய்த பெரும் பிழை அது. அப்போது வாஷிங்டனில் இருந்த வான் பியூரனே அதைக் கேட்டு எரிச்சலடைந்தார். கால்வாய் முடியும் தறுவாயில் அதை உருவாக்கியவரை, ஒரு காசு வாங்காத பதவியிலிருந்து, காரணம் சொல்லாமல் வெளியேற்றியதைக் கண்டு மாநிலமெங்கும் கண்டனக் கூட்டங்கள் நடந்தன. குடியரசுத் தலைவரைத் தேர்ந்தெடுக்கும் தேர்வர்களை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்ற கோரிக்கையைச் சட்டமன்றம் தடுத்ததால் எழுந்த சினமும் சேர்ந்துகொண்டது. அவ்வாண்டு நவம்பரில் கிளின்டன் ஏறத்தாழ 16,000 வாக்கு வேறுபாட்டில் மீண்டும் ஆளுநரானார்.

1825 அக்டோபர் 26 அன்று பஃபலோவிலிருந்து செனெகா சீஃப் என்ற படகில் அவர் கிளம்பினார். வழிநெடுக அடுத்தடுத்து நிறுத்தப்பட்ட பீரங்கிகளின் முழக்கம் ஒன்றரை மணி நேரத்துக்குள் நியூயார்க்கை எட்டியது. நவம்பர் 4 அன்று ஈரி ஏரியின் நீரை அட்லாண்டிக்கில் ஊற்றினார். பஃபலோவிலிருந்து நியூயார்க்குக்கு ஒரு டன் சரக்கைக் கொண்டுவர 100 டாலர் ஆனது, சில ஆண்டுகளில் 10 டாலருக்கும் கீழே இறங்கியது. 1820இல் 1 லட்சத்து 23 ஆயிரமாக இருந்த நியூயார்க் நகர மக்கள்தொகை 1830இல் 2 லட்சத்தைத் தாண்டியது.

அந்தப் படகுக்குப் பெயர் தந்த செனெகா மக்கள் கொண்டாட்டத்தில் பங்காளிகள் அல்லர். கால்வாயின் பாதை ஹோடினொஷோனி கூட்டமைப்பின், அதாவது இரோக்வா மக்களின் பழைய நிலங்களின் ஊடே செல்கிறது. 1779இல், விடுதலைப் போரின்போது, சலிவன் தலைமையிலான அமெரிக்கப் படை அம்மக்களின் ஊர்களையும் சோளக் கொல்லைகளையும் எரித்தபோது, அதன் ஒரு பிரிவை நடத்திச் சென்றவர் டிவிட்டின் தந்தை ஜேம்ஸ். ஆட்செகோ ஏரியின் வாயை அணைகட்டி அடைத்து, பின் உடைத்துவிட்டு, அந்த வெள்ளத்தில் படகுகளை மிதக்கவிட்டுத் தென்மேற்கே சென்றார் அவர். தந்தை போரில் வெறுமையாக்கிய நாட்டில் மகன் வணிக வழியை அமைத்தார் என்பது மிகைக்கூற்றன்று. இடைப்பட்ட காலத்தில் மாநில அரசு ஒப்பந்தங்கள் வழியே அம்மக்களின் நிலத்தைத் தொடர்ந்து வாங்கிக் குறுக்கியது. 1811இல் வரலாற்றுச் சங்கத்தில் இரோக்வா மக்களைப் பற்றி நீண்ட, மதிப்பு நிறைந்த உரையொன்றை நிகழ்த்திய கிளின்டன், அவர்கள் மாநிலத்திலிருந்து விரைவில் மறைந்துவிடுவார்கள் என்று இயற்கை விதியைப் போலச் சொன்னார். மறைவுக்குக் காரணமான நிலக்கொள்கையை நடத்தும் அரசில் தாமும் ஒருவர் என்ற உணர்வு அவ்வுரையில் இல்லை. அவர்கள் மறையவும் இல்லை. இன்றும் அம்மாநிலத்தில் வாழ்கிறார்கள்.

1826இல் மீண்டும் வென்றார். ஆசிரியர்களுக்குப் பயிற்சி தரும் நிறுவனம் வேண்டும் என்று சட்டமன்றத்துக்கு அனுப்பிய செய்தியில் கேட்டார். அது அவர் காலத்தில் நிறைவேறவில்லை. குடியரசுத் தலைவர் பதவிக்கு ஆண்ட்ரூ ஜாக்சனை ஆதரித்து, பழைய எதிரி வான் பியூரனோடு அரைகுறை இணக்கத்துக்கும் வந்திருந்தார். 1828 பிப்ரவரி 11 அன்று, பதவியில் இருக்கும்போதே, ஆல்பனியில் மாரடைப்பால் இறந்தார். வயது 58. கோடிக்கணக்கான மதிப்புள்ள வணிகத்துக்கு வழிதிறந்தவர் விட்டுச்சென்றது கடன். வீட்டுப் பொருள்கள் கடனுக்காக விற்கப்பட்டன. உடல் நண்பர் ஒருவரின் குடும்பக் கல்லறையில் வைக்கப்பட்டு, 1844இல்தான் புரூக்ளினின் கிரீன்வுட் கல்லறைக்கு மாற்றப்பட்டது. பதவிகளைத் தம்மவர்க்கு வாரிக்கொடுத்தவர் தமக்கென்று பணம் சேர்க்கவில்லை என்பதை எதிரிகளும் மறுக்கவில்லை.

அவர் விட்டுச்சென்ற முன்மாதிரி அவர் எண்ணியதைவிட வேகமாகப் பரவியது. 1825 ஜூலையில் ஒஹையோ மாநிலம் தன் கால்வாய்க்கு முதல் மண் வெட்ட அவரையே அழைத்திருந்தது. பென்சில்வேனியா, மேரிலாந்து, இந்தியானா, இல்லினாய் என்று ஒவ்வொரு மாநிலமும் பத்திரம் விற்றுக் கால்வாயும் ரயில்பாதையும் கட்ட இறங்கின. நியூயார்க்கின் வெற்றிக்கு மோஹாக் பள்ளத்தாக்கும், ஒதுக்கி வைத்த வரிகளும் காரணம் என்பதை அவை கவனிக்கவில்லை. மலைகளுக்குக் குறுக்கே, வருவாய்க்கு உறுதியின்றிக் கடன் வாங்கின. 1837இல் நிதி நெருக்கடி வந்தது. 1840களின் தொடக்கத்தில் இந்நான்கு மாநிலங்களும் வட்டி செலுத்த முடியாமல் கைவிரித்தன. நியூயார்க்கும் கால்வாயை அகலப்படுத்தும் பணியில் அளவுக்கு மீறிக் கடன்பட்டு, 1842இல் வேலையை நிறுத்தி வரி போட வேண்டியதாயிற்று. 1846இல் எழுதப்பட்ட புதிய மாநில அரசியலமைப்பு, பெருங்கடன் வாங்குவதற்கு வாக்காளர்களின் நேரடி ஒப்புதல் வேண்டும் என்று விதித்தது. 1817இல் அந்த விதி இருந்திருந்தால், நியூயார்க் நகரமும் கால்வாயிலிருந்து விலகியிருந்த தென்மாவட்டங்களும் எதிர்த்த நிலையில், கிளின்டனின் சட்டம் தேறியிருக்குமா என்பது ஐயமே.